காலண்டர் தாளில் ஒரு கணக்கு

சென்ற இதழில் வடு மாங்காய் பற்றி எழுதி முடிக்கும்போது, இந்தத் தடவை மழைக்காலக் கஷாயங்களைப் பற்றி எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அது அடுத்த இதழுக்கு இருக்கட்டும், சகோதரிகளே. மனசில் வேறொரு விஷயம் உறுத்திக்கொண்டே இருக்கிறது. அதை இறக்கி வைத்தால்தான் அடுப்பில் கஷாயத்தை ஏற்ற முடியும் போலிருக்கிறது!

2025 ஜூன் மாதம் ஆரம்பித்த சமாசாரம் இது. எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்த்து, பெருக்கித் துடைத்து, துணி உலர்த்திவிட்டுப் போகிறவள் ஒன்பது வருஷமாக வருகிறாள். (பெயர் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். "புக்குல வந்தா மத்த வீட்டு அம்மாங்களும் படிப்பாங்க" என்றாள். அதுவும் சரிதான்.) அன்று வேலை முடிந்து கிளம்பும்போது, தினசரிக் காலண்டரில் கிழித்த தாள் ஒன்றை நாலாக மடித்து, சர்க்கரை டப்பாவுக்கு அடியில் வைத்தாள்.

"பாப்பா எழுதிச்சும்மா. நான் வேணாம்னுதான் சொன்னேன். கோவிச்சுக்காதீங்க."

என்ன ஏது என்று நான் கேட்பதற்குள் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள்.

பாப்பா என்பது அவளுடைய ஒரே பெண். அரசுக் கல்லூரியில் பி.காம் இரண்டாம் வருஷம். தாளைப் பிரித்தேன். முன்பக்கம் நல்ல நேரம், ராகு காலம். பின்பக்கம் பால் பாயின்ட் பேனாவில், அழகான கையெழுத்தில் இப்படி இருந்தது:

"காலை 7 முதல் 8.45 வரை - 1¾ மணி. மாதம் 28 நாள் - 49 மணி. சம்பளம் 2,000. ஒரு மணிக்கு 40 ரூபாய் 80 காசு."

கீழே ஒரு கோடு. கோட்டுக்குக் கீழே, "பஸ் போக வர 2½ மணி - 0." அதற்கும் கீழே, "500 ரூபாய் கூட்டிக் கொடுத்தால் உதவியாக இருக்கும்."

மறைக்காமல் சொல்கிறேன், எனக்குச் சுருக்கென்று கோபம்தான் வந்தது. சம்பளம் கூடக் கேட்டதற்காக அல்ல. வாயால் கேட்டிருந்தால், "அடுத்த மாசம் பார்க்கலாம்" என்று நானும் வாயாலேயே சொல்லியிருப்பேன். கணக்கு எழுதிக் கொடுத்துவிட்டாளே! எனக்கா கணக்கு? பால் கணக்கு, மளிகைக் கணக்கு, இஸ்திரிக் கணக்கு என்று கல்யாணமான நாளிலிருந்து நோட்டுப் போட்டு எழுதுகிறவள் நான். இந்தப் பக்கத்திலேயே எத்தனை தடவை உங்களுக்கு மாதாந்திர பட்ஜெட் போட்டுக் காட்டியிருக்கிறேன்!

உடனே மனசு என் பக்கத்துக் கணக்கைப் போட ஆரம்பித்தது. தீபாவளிக்குப் புடவை. தினமும் காப்பி. பழைய மிக்ஸியைக் கொடுத்தது. பெண் பத்தாவது படிக்கும்போது நோட்டுப் புத்தகம் வாங்கித் தந்தது. அவள் மாமியார் இறந்தபோது ஆயிரம் ரூபாய் கொடுத்துத் திருப்பிக் கேட்காதது. பட்டியல் நீளமாகத்தான் வந்தது. ஆனால் எழுதிப் பார்த்தபோது ஒன்று தெரிந்தது. அதில் ஒன்றுகூட அவள் கேட்டு நான் கொடுத்ததில்லை. எதை, எப்போது, எவ்வளவு என்பதெல்லாம் என் இஷ்டம். அவள் கேட்டது இந்த ஒரு 500 ரூபாய்தான்!

சாயங்காலம் மொட்டை மாடியில் வடாம் எடுக்கப் போனபோது எதிர் ஃப்ளாட் மாமியிடமும் இரண்டாம் மாடிப் பெண்ணிடமும் சொன்னேன். மாமி பதறிப் போய்விட்டார்.

"நீங்க பாட்டுக்கு ஏத்திக் குடுத்துடாதீங்கோ! நாளைக்கு எங்ககிட்ட வந்து நிப்பா. எல்லாருக்கும் ஒரே ரேட்னு நீங்கதானே முடிவு பண்ணினேள்?"

உண்மைதான். 2022-ல் எங்கள் குடியிருப்பில் ஐந்தாறு பேராகப் பேசி, யாரும் தனியாகச் சம்பளம் ஏற்றக் கூடாது என்று பேசி வைத்துக்கொண்டோம். யோசனை சொன்னவள் சாட்சாத் நான்தான். அப்போது அது ரொம்பக் கெட்டிக்காரத்தனமாகத் தெரிந்தது. இப்போது யோசித்தால், கடைக்காரர்கள் இப்படிக் கூடிப் பேசி விலையை வைத்தால் நாம் என்ன சொல்லுவோம்? "கூட்டுக் கொள்ளை" என்று சொல்ல மாட்டோமா?

என் கணவர் வங்கியில் இருந்து ஓய்வு பெற்றவர். எதற்கும் சட்டம் பார்ப்பார். இரவு சாப்பாட்டுக்குப் பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தவர், "தமிழ்நாடு அரசாங்கம் 2018-ல வீட்டு வேலைக்குக் குறைந்தபட்சக் கூலி நிர்ணயம் பண்ணியிருக்கு. வேலையைப் பொறுத்து மணிக்கு 37 ரூபாயிலேருந்து 39 ரூபாய் வரைக்கும். நீ 40 ரூபாய் 80 காசு கொடுக்கறே. சட்டத்துக்கு மேலேயே இருக்கே, நிம்மதியா தூங்கு!" என்றார்.

எனக்குத் தூக்கம் வரவில்லை. 2018-ன் 37 ரூபாயும் 2025-ன் 37 ரூபாயும் ஒன்றா? பழைய நோட்டுகளை எடுத்தேன். 2018 ஜூனில் எங்கள் இருவருக்கும் மளிகைச் செலவு 4,300 ரூபாய். 2025 ஜூனில் அதே இரண்டு பேருக்கு 7,100. நாங்கள் ஒன்றும் அதிகமாகச் சாப்பிடவில்லை. டாக்டர் சொல்லிக் குறைத்துத்தான் இருக்கிறோம்! மறுநாள் காலை நோட்டை அவர் முன்னால் வைத்தேன். அவரே சொன்னார்: குறைந்தபட்சக் கூலியை ஐந்து வருஷத்துக்கு மிகாமல் திருத்த வேண்டும் என்றுதான் 1948-ஆம் வருஷத்துச் சட்டம் வைத்திருந்ததாம். அதற்குப் பதிலாக 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த ஊதியச் சட்டத் தொகுப்பிலும் அதே ஐந்து வருஷம்தான் இருக்கிறது. அதாவது, ஒரு தடவை போட்ட கூலி அப்படியே கிடக்கக் கூடாது என்பது சட்டம் எழுதினவர்களுக்கே தெரிந்திருக்கிறது. எனக்குத்தான் தெரியவில்லை. "குறைந்தபட்சம்" என்றால் இதற்குக் கீழே போகக் கூடாது என்றுதானே அர்த்தம்? இதுவே போதும் என்று யார் சொன்னார்கள்?

தாளில் அந்தக் கோட்டுக்குக் கீழே இருந்த வரிக்கு வருகிறேன். பஸ், இரண்டரை மணி, பூஜ்யம். முன்பெல்லாம் அவள் எங்கள் மந்தைவெளியிலேயே, கால்வாய் ஓரத்தில் குடியிருந்தாள். கூப்பிட்டால் வந்துவிடுவாள். அந்தக் குடிசைகளை எடுத்தபோது பெரும்பாக்கத்தில் அடுக்குமாடியில் வீடு கொடுத்தார்கள். வீடு கெட்டி வீடுதான், குறை சொல்லவில்லை. ஆனால் வேலை செய்கிற ஐந்து வீடும் இங்கேயே இருக்கிறதே! விடியற்காலை ஐந்தரைக்குப் பஸ் ஏறினால்தான் ஏழு மணிக்கு என் வீட்டுச் சமையலறையில் நிற்க முடியும். 2021 மே மாதத்திலிருந்து சாதாரணப் பஸ்களில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை என்று ஆனது அவளுக்கு எவ்வளவு பெரிய உபகாரம் என்று அவளே பல தடவை சொல்லியிருக்கிறாள். காசு மிச்சம். நேரம்? ஒரு நாளைக்கு இரண்டரை மணி! அந்த நேரத்தில் அவள் இன்னும் ஒரு வீட்டு வேலையை முடித்துவிடுவாள்.

இதற்கிடையில் மும்பையில் இருக்கும் என் மருமகளிடம் ஃபோனில் இந்தக் கதையைச் சொன்னேன். அவள் சிரித்தாள். "இங்கே எல்லாம் மாறிப்போச்சு அத்தை. ஃபோன்ல ஒரு பட்டனைத் தட்டினா பதினஞ்சு நிமிஷத்துல ஆள் வராங்க" என்றாள்.

2025 மார்ச்சில் அர்பன் கம்பெனி என்ற நிறுவனம் மும்பையில் இதை ஆரம்பித்தது. அறிமுக விலை மணிக்கு 49 ரூபாய் என்று விளம்பரம் செய்தார்கள். 'இன்ஸ்டா மெய்ட்ஸ்' என்று பெயர் வைத்தார்கள். நாடு முழுவதும் கண்டனம் எழுந்தது. மனுஷியை உடனடிக் காப்பித் தூள் மாதிரி விற்பதா என்று பலர் கேட்டார்கள். பெயரை 'இன்ஸ்டா ஹெல்ப்' என்று மாற்றினார்கள். வேலை செய்கிறவர்களுக்கு மணிக்கு 150 முதல் 180 ரூபாய் வரை கிடைக்கும், மாதம் 132 மணி நேரம் வேலை செய்தால் குறைந்தது 20,000 ரூபாய் நிச்சயம், இலவச மருத்துவக் காப்பீடும் உண்டு என்று நிறுவனம் பதில் சொன்னது.

இதைக் கேட்டதும் நான் செய்த முதல் காரியம், நோட்டை எடுத்து 20,000-த்தை 132-ஆல் வகுத்ததுதான். 151 ரூபாய் சொச்சம். என் வீட்டில் 40 ரூபாய் 80 காசு!

அவர்கள் தர்மம் செய்கிறார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. 49 ரூபாய் வாங்கி 150 ரூபாய் கொடுத்தால் மீதி யாரோ முதல் போட்டவர் பையிலிருந்துதான் போகிறது. எத்தனை நாளைக்குப் போகும்? வாடிக்கை பிடித்த பிறகு விலை ஏறும், கொடுப்பது இறங்கும் என்று சந்தேகப்படுவதற்கு வியாபாரப் படிப்பு வேண்டாம், கீரைக்காரியிடம் பேரம் பேசிய அனுபவம் போதும். என் மருமகளும் இது மாதிரி ஒரு ஆப்பில்தான் ஆள் கூப்பிடுகிறாள். ஒவ்வொரு தடவையும் வேறு வேறு முகமாம், பெயர்கூட மனசில் நிற்பதில்லையாம். குழந்தை இருக்கிற வீட்டில் எனக்கு அது பிடிக்கவில்லை. அவளிடம் சொல்லிக்கொள்ளவில்லை, இதைப் படித்தால் தெரிந்துகொள்வாள்!

ஆனாலும் அந்த வியாபாரத்தில் ஒன்று என்னைத் தைத்துவிட்டது. அங்கே கடிகாரம் ஓடுகிறது. ஒரு மணி ஆனால் ஒரு மணிக்கான கூலி, கூட அரை மணி என்றால் அதற்கும் காசு. என் வீட்டில்? என் பேத்தியின் ஆண்டு நிறைவு அன்று காலை ஏழுக்கு வந்தவள் சாயங்காலம் நாலு மணி வரை நின்றாள். நாற்பது பேர் சாப்பிட்ட பாத்திரம். இலையில் பாயசம் விட்டு, "வயிறு நிறையச் சாப்பிடும்மா" என்று உபசரித்தேன். பாசமாகத்தான் சொன்னேன். அந்த ஏழு மணி நேரத்துக்குத் தனியாக ஒரு ரூபாய் கொடுக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

நோட்டைப் புரட்டப் புரட்ட இன்னும் வந்தது. 2024 செப்டம்பரில் என் கையெழுத்தில், "4 நாள் பிடித்தம், 280." அவள் மாதா கோவிலுக்குப் போகிறவள். வருஷம் தவறாமல் செப்டம்பர் 8-ஆம் தேதித் திருவிழாவுக்கு வேளாங்கண்ணிக்குப் போவாள். பெண்ணுக்கு டைபாய்டு வந்தபோது வேண்டிக்கொண்ட பிரார்த்தனை. நானும் அங்கிருந்து வரும் எண்ணெயை வாங்கி நெற்றியில் வைத்துக்கொண்டிருக்கிறேன், ஆனால் அந்த நாலு நாள் சம்பளத்தையும் பிடித்திருக்கிறேன். அதே நோட்டில், நாங்கள் மும்பைக்குப் போய் இருபது நாள் தங்கினபோது, "வேலை இல்லை, பாதிச் சம்பளம்." ஊருக்குப் போனது நாங்கள். அவள் எங்கே போனாள்? இன்னொரு வேடிக்கை, ஒன்பது வருஷமும் அவளுக்கு நான் புடவை கொடுத்தது தீபாவளிக்கு. அவள் வீட்டுப் பண்டிகை டிசம்பரில் வருகிறது! "எனக்கு கிறிஸ்துமஸுக்குக் குடுங்கம்மா" என்று அவளாக எப்படிக் கேட்பாள்?

மறுநாள் அவள் வந்ததும் காப்பியைக் கையில் கொடுத்து உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை, நிலைப்படியில் சாய்ந்துகொண்டு நின்றாள். வேலை போய்விட்டது என்று நினைத்தாளாம்! பிற்பாடு சொன்னாள்.

"பாப்பாவுக்கு எதுக்கு இப்போ பணம்?" என்றேன்.

"ஃபீஸ் ஒண்ணும் பெருசு இல்லம்மா. மாசா மாசம் கவர்மென்ட்லேருந்து ஆயிரம் ரூபா அவ பேருக்கு வருது. கம்ப்யூட்டர்ல கணக்கு எழுதற கிளாஸ் ஒண்ணு சேரணுமாம். அது தெரிஞ்சாத்தான் ஆபீஸ்ல எடுப்பாங்களாம்."

அந்த ஆயிரம், 2022 செப்டம்பரில் ஆரம்பித்த புதுமைப் பெண் திட்டத்தில் வந்த பணம். அரசுப் பள்ளியில் ஆறிலிருந்து பன்னிரண்டு வரை படித்துவிட்டுக் கல்லூரிக்குப் போகிற பெண்களுக்காக ஆரம்பித்தது. கணக்கு எழுதப் பழகத்தான் காசு கேட்கிறாள் அந்தப் பெண். முதல் கணக்கை என் வீட்டிலேயே எழுதிப் பார்த்துவிட்டாள்!

500 ரூபாய் ஏற்றிவிட்டேன். இப்போது 2,500. மணிக்கு 51 ரூபாய். பெரிய தியாகம் ஒன்றும் இல்லை, மாதம் இரண்டு தடவை ஓட்டலுக்குப் போவதை ஒன்றாகக் குறைத்தோம், வயிற்றுக்கும் நல்லது. வேளாங்கண்ணிக்குப் போகிற நாலு நாளுக்கும், நாங்கள் ஊரில் இல்லாத நாட்களுக்கும் பிடித்தம் கிடையாது. புடவைக்குப் பதில் டிசம்பரில் ஒரு மாதச் சம்பளம். எட்டே முக்காலுக்கு மேல் நிற்கச் சொன்னால் அதற்குத் தனிக் காசு. இதையெல்லாம் ஒரு தாளில் எழுதி ஆளுக்கு ஒன்று வைத்துக்கொண்டோம். என் கணவர் தேதி போட்டுக் கையெழுத்தும் போட்டார். வங்கிப் புத்தி போகுமா!

இன்னொரு காரியமும் செய்தேன். அதை உங்களுக்கு அவசியம் சொல்ல வேண்டும். வீட்டுப் பணியாளர்களுக்கென்று தமிழ்நாட்டில் 2007-ல் ஒரு நல வாரியம் அமைத்தார்கள். 18 வயதிலிருந்து 60 வயது வரை உள்ளவர்கள் பதிவு செய்துகொள்ளலாம். பிள்ளைகள் படிப்புக்கு, பிள்ளைகள் கல்யாணத்துக்கு, பிரசவத்துக்கு, கண் கண்ணாடிக்கு, விபத்து நேர்ந்தால், உயிர் போனால் குடும்பத்துக்கு என்று உதவித் தொகைகள் வைத்திருக்கிறார்கள். 60 வயதுக்குப் பிறகு ஓய்வூதியமும் உண்டு. படிப்பு உதவி கல்லூரிக்கும் சேர்த்துத்தான். என் வீட்டுக்கு ஒன்பது வருஷமாக வருகிறவள் பதிவு செய்துகொள்ளவே இல்லை! அவளுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. முன்பே தெரிந்திருந்தால் பாப்பா பள்ளிக்கூடத்தில் இருந்தபோதே படிப்பு உதவிக்கு எழுதிப் போட்டிருக்கலாம். வாரியத்தின் இணையதளத்தில் பாப்பாவே உட்கார்ந்து எல்லாவற்றையும் பூர்த்தி செய்தாள். ஆதார், வங்கிக் கணக்குப் புத்தகம், ரேஷன் கார்டு, வயதுச் சான்று, புகைப்படம் எல்லாம் தயாராக எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் அலைச்சல் இல்லை. உங்கள் வீட்டுக்கு வருகிறவரிடம், "வாரியத்துல பதிஞ்சிருக்கியா?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

'வீட்டுப் பணியாளர்' என்று எழுதுகிறேன், ஆனால் வாயில் இன்னும் பழைய வார்த்தைதான் வருகிறது. 'வேலைக்காரி' என்ற பெயரில் அண்ணா கதை எழுதி 1949-ல் படமாகவே வந்தது. அந்தச் சொல்லைச் சுலபமாக நாக்கிலிருந்து துடைக்க முடியவில்லை. நம் வீடும் ஒருத்திக்கு வேலை பார்க்கும் இடம் என்று, பெண்களின் பாதுகாப்புக்காக 2013-ல் வந்த சட்டம்கூட வெளிப்படையாகச் சொல்கிறது. பேத்தி மட்டும் சின்ன வயதிலிருந்து "ஆயாம்மா" என்றுதான் கூப்பிடுகிறாள்.

இதோடு முடிந்திருந்தால் நானும் சந்தோஷமாகக் கஷாயம் எழுதப் போயிருப்பேன். முடியவில்லை. நான் ஏற்றிவிட்டேன் என்று தெரிந்ததும் அவள் மற்ற நாலு வீட்டிலும் கேட்டிருக்கிறாள். இரண்டு வீட்டில் முணுமுணுத்துக்கொண்டு 300 ரூபாய் கூட்டினார்கள். எதிர் ஃப்ளாட் மாமி யோசித்துச் சொல்வதாகச் சொல்லிவிட்டார், இன்னும் யோசிக்கிறார். நாலாவது வீட்டில், "இஷ்டமில்லேன்னா நின்னுக்கோ" என்று சொல்லிவிட்டார்கள். அந்த வீட்டில் அவளுக்கு மாதம் 1,500 வந்துகொண்டிருந்தது. நீங்களே கூட்டிக் கழித்துப் பாருங்கள். மூன்று வீட்டிலும் கூடினது 1,100, போனது 1,500. மாசத்துக்கு 400 ரூபாய் நஷ்டம்!

"நான்தான் உன் பிழைப்பைக் கெடுத்துட்டேனா?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் ஒண்ணும் இல்லம்மா. அந்த வீட்டு மாடிப்படி முட்டியை வாங்கிச்சு" என்று சொல்லி, குக்கர் மூடியைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

மாமி என்னோடு பேசுகிறார். ஆனால் கறிவேப்பிலை கேட்டு முன் மாதிரி கதவைத் தட்டுவதில்லை. காலை 9 மணியிலிருந்து 10 மணி வரை அவளுக்கு ஒரு வீடு வேண்டும். மந்தைவெளிப் பக்கத்தில் தெரிந்தவர்களிடமெல்லாம் சொல்லி வைத்திருக்கிறேன். தரை வீடாக இருந்தால் நல்லது.